வண்டிப் பாதைக்கு என்ன விலை

பால்காரம்மாவுக்கு மோட்டார்காரர் ஒரு வண்டிப் பாதைக்கான பணம் பாக்கி வைத்திருந்தார். எவ்வளவு பாக்கி என்பது கொடுக்க வேண்டியவருக்கும் தெரியாது, வாங்க வேண்டியவருக்கும் தெரியாது. கடன் என்றால் ஒரு தொகை வேண்டும், ஒரு கெடு வேண்டும். இந்தக் கடனுக்கு இரண்டும் கிடையாது. பாதை மட்டும் இருந்தது. இருபது வருடத்துக்கு மேலாக இருந்தது.

மோட்டார்காரரைப் பற்றி யாரைக் கேட்டாலும் சொல்வார்கள். யாரையும் கேட்காவிட்டால் அவரே சொல்லிவிடுவார். மூன்றாம் வகுப்போடு பள்ளிக்கூடத்துக்கு முழுக்குப் போட்டவர். "கூட்டலும் கழித்தலும் வந்தாச்சு, மிச்சத்தை வேலையில கத்துக்கலாம்னு நானே முடிவு பண்ணினேன்" என்பார். வீட்டில் அடுப்பு எரியாததால்தான் வேலைக்கு அனுப்பினார்கள் என்பதை அவர் மனைவி சொல்வார், அவர் சொல்ல மாட்டார்.

பம்ப் மோட்டார் பழுது பார்க்கும் கடையில் கிரீஸ் துடைக்கப் போனார். போன முதல் வாரமே, முதலாளி சாப்பிடப் போன நேரம் பார்த்து, நன்றாக ஓடிக்கொண்டிருந்த ஒரு மோட்டாரைப் பிரித்துப் போட்டுவிட்டார்.

"நல்லாத்தானேடா ஓடுச்சு, எதுக்குப் பிரிச்சே?"

"எதனால நல்லா ஓடுதுன்னு பாக்கத்தான்."

அன்று விழுந்த அறையில் காது கொய்யென்று கேட்டது. ஆனால் மோட்டாரைத் திரும்பப் பூட்டியதும் அவர்தான். ஒரு நட்டு மிஞ்சிப்போனது. அந்த நட்டு இல்லாமலேயே அது பல வருடம் ஓடியது. அந்த நட்டு இன்றைக்கும் அவர் கடைக் கல்லாப்பெட்டியில் இருக்கிறது. புதிதாக வருகிறவர்களுக்கு எடுத்துக் காட்டி, கம்பெனிக்காரனே தேவையில்லாமல் போட்ட நட்டு, நான் கண்டுபிடித்தேன் என்பார்.

பிறகு சொந்தக் கடை வந்தது. கடை என்றால் நீளமான ஒரே அறை. சுவர் முழுக்க ஆணி, ஆணி முழுக்கச் செம்புக் கம்பி வளையம். மூலையில் ஒரு தகரப் பெட்டி, உள்ளே பெரிய பல்பு ஒன்று எரிந்துகொண்டே இருக்கும். புதிதாகச் சுற்றிய காயிலில் வார்னிஷ் காய்வதற்கு அதுதான் அடுப்பு. காயிலுக்கு அடியில் வைக்கும் காகிதத்தை அளவாக வெட்டுவது அவர் மனைவி. தெருமுனையில் திரும்பும்போதே வார்னிஷ் நெடி அடிக்கும். அந்த நெடிதான் எனக்கு போர்டு என்று அவர் பெருமையாகச் சொல்வார். உண்மையில் போர்டு எழுத வந்த ஆள் கேட்ட கூலி அவருக்குக் கட்டுப்படியாகவில்லை.

கடையில் சேர்ந்த காசில் ஒரு ஏக்கர் நிலம் வாங்கினார். விலை மலிவு. ஏன் மலிவு என்றால், நிலத்துக்குப் போக வழி கிடையாது. "வானத்துல இருந்து குதிச்சுத்தான் உழணும்" என்று விற்றவரே சிரித்துக்கொண்டு கையெழுத்துப் போட்டார். சாலைக்கும் அந்த நிலத்துக்கும் நடுவில் பால்காரம்மாவின் புல் வயல் படுத்திருந்தது. மோட்டார்காரர் நேராக மாட்டுக் கொட்டகைக்குப் போய் நின்றார். பால்காரம்மா பசுவின் மடியிலிருந்து கையை எடுக்கவில்லை, தலையையும் திருப்பவில்லை.

"அண்ணே, நிலம் வாங்கத் தெரிஞ்ச ஆளுக்கு வழி வாங்கத் தெரியலையா?"

"அதுக்குத்தானே தங்கச்சி வந்து நிக்கிறேன். கிழக்கோரமா ஒரு வண்டி போற அளவு விடு. விலையைச் சொல்லு."

"கறக்கும்போது விலை பேசினா மாடு பாலை அடக்கிக்கும். இப்போதைக்குப் போய்க்கோங்க, விலையை அப்புறம் பேசுவோம். ஒரு வண்டிதான். அதுக்கு மேல ஒரு ஜாண் போச்சுன்னா புல்லு ஒண்ணும் சொல்லாது, நான் சொல்லுவேன்."

அந்த அப்புறம் வரவே இல்லை. வருடத்துக்கு ஒரு தடவை மோட்டார்காரர் ஒரு தொகை சொல்வார், பால்காரம்மா வாயைப் பொத்திக்கொண்டு சிரிப்பார். பால்காரம்மா ஒரு தொகை சொல்வார், மோட்டார்காரர் நெஞ்சைப் பிடித்துக்கொள்வார். அதோடு அந்த வருடத்துப் பேச்சு முடிந்தது. நடுவில் பால்காரம்மாவின் பம்ப் மோட்டார் எப்போது மக்கர் செய்தாலும் இவர் காசு வாங்காமல் சரிசெய்து தருவார். இவர் வீட்டுக்குத் தினமும் பால் காசில்லாமல் வரும். மோட்டாருக்குப் பால், பாலுக்கு மோட்டார். அது நேர். பாதைதான் அந்தரத்தில் தொங்கியது.

நிலம் அப்போது நிலமாகவே இல்லை. மண்வெட்டியைப் போட்டால் பொறி பறக்கும். மோட்டார்காரர் சாயங்காலம் கடையைப் பூட்டிவிட்டு, மோட்டார் ஏற்றும் தள்ளுவண்டியில் குளத்து வண்டலை அள்ளிப் போட்டுக்கொண்டு வருவார். ஆள் வைக்கவில்லை. ஆள் வைத்தால் ஆளின் வண்டல் ஆகிவிடும், அவருடைய வண்டல் ஆகாது. குளம் வற்றும் கோடையிலெல்லாம் இதே வேலை. கொஞ்சம் கொஞ்சமாகப் பாறை மறைந்து, நிலம் கறுத்தது, பயிர் நின்றது. "இந்த மண்ணு கடவுள் போட்டது இல்ல, நான் போட்டது" என்று அவர் சொன்னால் யாரும் மறுத்துப் பேச முடியாது.

ஒரு மழைக்காலத்தில் அந்தப் பாதை சேறாகி, பால்காரம்மா சைக்கிளோடு வழுக்கி விழுந்து, இரண்டு கேன் பாலும் புல்லுக்குப் போனது. அன்றைக்கு மோட்டார்காரருக்கு ஒரு யோசனை உதித்தது. உள்ளாட்சி அலுவலகத்துக்கு ஒரு மனு. 'இது ஊர் மக்கள் அனைவரும் பயன்படுத்தும் பொதுவழி, சரளை போட்டுத் தரவும்.' ஊர் மக்கள் என்று அங்கே போனது மொத்தம் இரண்டே பேர், அப்புறம் ஐந்து மாடு. அவர் கையெழுத்துப் போட்டார், பால்காரம்மா கைநாட்டு வைத்தார். எப்படியோ மனு பலித்தது. இரண்டு லாரி நீலச் சரளை வந்து கொட்டியது. இலவசம்! பால்காரம்மா அன்று எல்லோருக்கும் டீ போட்டுக் கொடுத்தார். மோட்டார்காரர் அந்தச் சரளையைப் பற்றிப் பேசியதைச் சேர்த்துவைத்தால் இன்னும் இரண்டு லாரி ரொம்பும். "மந்திரி வீட்டு வாசலுக்கே போடல. என் ஒரு மனுவுக்குப் போட்டான்."

இப்படி இருக்கும்போதுதான் புறவழிச் சாலை வந்தது. ஊரைச் சுற்றிப் போகும் பெரிய சாலை. அதற்குப் பால்காரம்மாவின் வயல், மோட்டார்காரரின் ஒரு ஏக்கர், அதற்கும் அடுத்திருந்த அவர் மச்சானின் ஒரு ஏக்கர் மூன்றும் போனது. மச்சான் என்பது மனைவியின் அண்ணன். வாய்க்கு வாய் சளைக்காதவர். எவ்வளவு கிடைக்கும் என்று எல்லோரும் விரலை மடக்கிக்கொண்டிருந்த நாளில் விலை வெளியானது. மச்சானுக்கு ஆறு லட்சம். மோட்டார்காரருக்குப் பன்னிரண்டு.

நஷ்ட ஈடு குறைவு என்று அலுவலகத்துக்குப் போகிறவர்களைப் பார்த்திருக்கிறோம். ஏன் இவ்வளவு அதிகம் என்று கேட்கப் போனவர் மோட்டார்காரர் ஒருவர்தான். காரணம் மச்சான்.

"மாப்பிள்ளை, வரப்புக்கு இந்தப் பக்கம் ஒரு விலை, அந்தப் பக்கம் ஒரு விலையா? உங்க நிலத்துல ஒரு முழம் தோண்டினா பாறை இளிக்கும். என் நிலத்துல வத்தாத கிணறு இருக்கு."

"கிணறு இருக்கு, வண்டல் இருக்கா மச்சான்? பாத்தவன் மண்ணைப் பாத்திருக்கான். விலை போட்டிருக்கான்."

"யாரு, அந்த சர்வேயரா? வண்டியை விட்டே இறங்கலியே!"

"இறங்காமலே தெரியுதுன்னா எப்பேர்ப்பட்ட மண்ணுன்னு பாத்துக்கோங்க. அந்த ஆபீசர் வாயாலயே சொல்ல வைக்கிறேன். நீங்களும் வந்து நின்னு கேளுங்க."

சொல்லிவிட்டாரே தவிர, அவருக்கும் உள்ளே குடைந்தது. மண்ணைத் தொடாமல் மண்ணுக்கு எப்படி விலை போட்டார்கள்? நன்றாக ஓடுகிற மோட்டாரைப் பிரித்துப் பார்த்த அதே அரிப்பு.

நில எடுப்பு அலுவலகத்தில் மின்விசிறி ஒரு பக்கமாக ஆடிக்கொண்டு சுற்றியது. அவர் காத்திருந்த நேரத்தில் அதன் சத்தத்தைக் கேட்டு, பேரிங் போய்விட்டது, மாற்றச் சொல்லுங்கள் என்று கடைநிலை ஊழியரிடம் இரண்டு தடவை சொல்லியாயிற்று. அங்கே வரிசையில் பால்காரம்மாவும் உட்கார்ந்திருந்தார். முகம் வாடிக் கிடந்தது.

"நீ எதுக்கு வந்தே தங்கச்சி?"

"என் வயல் இளைச்சுப்போச்சுண்ணே. எட்டு சென்ட் குறைச்சுப் போட்டிருக்காங்க. ஏறக்குறைய ஒரு லட்சம் அடிவாங்குது."

பால்காரம்மாவுக்கு அது வெறும் லட்சம் இல்லை. மாடு கட்ட இடம் வேண்டுமே. ஊருக்கு மறுபக்கத்தில் கொட்டகையோடு ஒரு மனை பேசி, கையிலிருந்த மொத்தத்தையும் முன்பணமாகக் கொடுத்திருந்தார். நிலம் போனவர்கள் எல்லோரும் ஒரே நேரத்தில் இடம் தேடியதால் விலை எகிறிக் கிடந்தது. மாதக் கடைசிக்குள் மீதியைக் கட்ட வேண்டும். இரண்டரை லட்சம் துண்டு விழுந்தது. கட்டாவிட்டால் முன்பணமும் போகும், மாட்டை நிறுத்த இடமும் இருக்காது. மாட்டுத் தரகர் ஏற்கனவே ஒரு தடவை வந்து ஐந்து மாட்டின் பல்லையும் பிடித்துப் பார்த்துவிட்டுப் போயிருந்தார்.

அதிகாரி ஓர் இளம்பெண். இரண்டு பேர் சொன்னதையும் பொறுமையாகக் கேட்டார். ஒருத்தர் குறைந்தது என்கிறார், ஒருத்தர் கூடியது என்கிறார், இரண்டும் பக்கத்துப் பக்கத்து நிலம். அவருக்கே ஆவல் வந்துவிட்டது போலிருக்கிறது. "நானே வந்து பாக்கிறேன்" என்றார்.

சொன்னபடியே புதன்கிழமை வந்தார். கான்வாஸ் ஷூ, குடை, கையில் மடித்த வரைபடம். மச்சான் வெள்ளை வேட்டி கட்டிக்கொண்டு வேடிக்கைக்குத் தயாராக நின்றார். மோட்டார்காரர் காலையிலேயே போய் நிலத்தில் ஒரு இடத்தைக் கொத்தி, வண்டல் பளிச்சென்று தெரியும்படி வைத்திருந்தார். அதிகாரி அந்த இடம் வரைக்கும் போகவே இல்லை. சாலையிலிருந்து இறங்கிப் பாதையில் நாலு எட்டு வைத்தார், காலடியில் சரளை நொறுநொறுத்தது, நின்றுவிட்டார்.

"இந்தச் சரளையை யார் போட்டது?"

மோட்டார்காரர் இந்தக் கேள்விக்காகப் பிறந்தவர் மாதிரி முன்னால் வந்தார். "உள்ளாட்சி போட்டதுங்க மேடம். நான் எழுதின மனு. பொதுவழின்னு எழுதி, இந்தம்மாவும் கைநாட்டு வச்சு, இரண்டு லாரி, ஒரு பைசா செலவில்ல."

"அம்மா, இது உங்க பட்டா நிலமா?"

"ஆமாங்க. என் எட்டு சென்ட் இதுதாங்க. அண்ணனுக்கு வழி விட்டிருந்தேன்."

அதிகாரி குடையை மடக்கினார். "சரளை விழுந்த அன்னிக்கே இது பொதுவழி ஆயிடுச்சும்மா. நீங்களே எழுதிக் குடுத்திருக்கீங்க. பொதுவழிக்கு யாருக்கும் பணம் கிடையாது."

பால்காரம்மா சரளையைப் பார்த்தார். ஒரு கல்லைக் கால் விரலால் புரட்டினார். "இலவசம்னு டீ வேற போட்டுக் குடுத்தேனே" என்றார்.

"கோர்ட்டுக்குப் போகலாம். ஜெயிக்கவும் ஜெயிக்கலாம். ஆனா வருஷக்கணக்கா ஆகும்."

"மாசக் கடைசி எனக்கு அதுவரைக்கும் நிக்காதுங்களே."

மோட்டார்காரருக்கு அப்போதும் தன் கேள்வி தீரவில்லை. "சரிங்க மேடம். எனக்கு எப்படி ரெண்டு மடங்கு?"

"பொதுவழியை ஒட்டின நிலத்துக்கு அந்த விலைங்க ஐயா. வழி இல்லாத நிலத்துக்குப் பாதி. உங்க பக்கத்து நிலத்துக்கு வழி இல்ல."

"அப்போ மண்ணு?"

"எந்த மண்ணு?"

"நான் போட்ட வண்டல். அங்க கொத்தி வச்சிருக்கேன், வந்து கையில எடுத்துப் பாருங்க."

அதிகாரி சிரிக்கவில்லை. அதுதான் இன்னும் கஷ்டமாக இருந்தது. "மண்ணைக் கணக்குல எடுக்கிறதில்லைங்க ஐயா. நாளைக்கு அது மேல தார்தானே வரப்போகுது. வழி இருக்கா இல்லையா, அவ்வளவுதான்."

மச்சான் துண்டால் வாயை மூடிக்கொண்டார். தோள் குலுங்கியது. "மாப்பிள்ளை, அந்த மனுவுல என் வயல் வரைக்கும்னு ஒரு வரி சேர்த்து எழுதியிருந்தா, கை தேஞ்சிருக்குமா?"

அதிகாரி கிளம்பும்போது மோட்டார்காரர் பின்னாலேயே போனார். "மேடம், ஒரே ஒரு சந்தேகம். அந்த வழிக்கு நான் இந்தம்மாவுக்கு இன்னும் காசு தரல. என்ன தந்தா நியாயம்? நீங்க விலை போடறவங்க, சொல்லுங்களேன்."

"அரசாங்கம் எடுத்ததுக்கு நான் விலை சொல்வேன். நீங்க எடுத்ததுக்கு நீங்கதான் சொல்லணும்" என்று சொல்லிவிட்டு அவர் வண்டியில் ஏறினார்.

மோட்டார்காரர் கடைக்கு வந்து உட்கார்ந்தார். வேலை ஓடவில்லை. காரணம் தெரியாத பழுது வந்தால் அவர் ஒன்று செய்வார். ஒரு ஒயரைக் கழற்றுவார், டெஸ்ட் பல்பு எரிகிறதா பார்ப்பார், திரும்ப மாட்டுவார், பார்ப்பார். எதைக் கழற்றினால் எது நிற்கிறதோ, அந்த வேலை அதனுடையது. இப்போதும் கையில் பல்பை வைத்துக்கொண்டு ஒயரைத் தொடுவதும் எடுப்பதுமாக இருந்தார். பல்பு எரிந்தது, அணைந்தது. காகிதம் வெட்டிக்கொண்டிருந்த மனைவி கத்தரிக்கோலைக் கீழே வைத்தார்.

"பல்பு நல்லாத்தான் இருக்கு. என்ன ஆச்சு உங்களுக்கு?"

"எட்டு சென்ட்டுக்கு அரசாங்க விலை ஒரு லட்சம் வருது. அதைக் குடுத்துட்டா போதாதா?"

"போதும்னா குடுத்துட்டு வாங்க. எதுக்குப் பல்பை ஏத்தி அணைச்சுட்டு இருக்கீங்க?"

"பாதை இருந்ததால எனக்குப் பன்னிரண்டு. பாதை இல்லேன்னா மச்சான் மாதிரி ஆறு. பாதையைக் கழட்டினா ஆறு நின்னுபோகுது." பல்பை அணைத்தார். "அப்போ பாதை செஞ்ச வேலை ஆறு லட்சம்."

தகரப் பெட்டிக்குள் வார்னிஷ் காய்ந்துகொண்டிருந்தது.

"ஆறு ஜாஸ்திடி," என்றார் மோட்டார்காரர்.

"கேள்வி கேட்டது நீங்க. பதில் பெரிசா வந்துடுச்சுன்னு இப்போ கேள்வியை வாபஸ் வாங்க முடியுமா? இல்ல, வழக்கம் போல ஒரு நட்டைத் தூக்கிக் கல்லாவுல போட்டுட்டு, நல்லாத்தான் ஓடுதுன்னு சொல்லப் போறீங்களா?"

அந்த நட்டைப் பற்றி மனைவி இத்தனை வருடத்தில் ஒரு வார்த்தை சொன்னதில்லை. மோட்டார்காரர் எழுந்து செருப்பை மாட்டினார்.

கொட்டகையில் தரகர் வந்திருந்தார். செவலைப் பசுவின் வாலைத் தூக்கிப் பார்த்துக்கொண்டு, இது இளைத்திருக்கிறது, அது கிழம் என்று விலையை இறக்கிக்கொண்டிருந்தார். பால்காரம்மா வாயைத் திறக்காமல் நின்றார். அவர் பேசாமல் நின்று மோட்டார்காரர் பார்த்ததே இல்லை.

"தரகரே, மாடு விக்கிறதுக்கு இல்ல. நடையைக் கட்டுங்க."

"இது யாரு மாடு, யாரு பேசறது?"

"மாடு அவங்களுது. நான் அவங்களுக்குக் கடன்காரன். கடன்காரன் உயிரோட இருக்கும்போது மாடு எதுக்கு விக்கணும்?"

தரகர் முணுமுணுத்துக்கொண்டே போனார். பால்காரம்மா இடுப்பில் கை வைத்தார்.

"என்னண்ணே, பழைய தொகையைக் கொண்டு வந்தீங்களா? வருஷா வருஷம் சொல்வீங்களே, அதுல மாட்டுக்குக் கயிறு வாங்கலாம்."

"ஆறு" என்றார் மோட்டார்காரர்.

"ஆறு என்ன? ஆறாயிரமா?"

"ஆறு லட்சம்."

பால்காரம்மா அவர் நெற்றியைத் தொட்டுப் பார்க்காத குறைதான். "வெயில்ல நின்னீங்களா? உட்காருங்க, மோர் தரேன்."

மோட்டார்காரர் உட்காரவில்லை. மச்சானின் ஆறு, தன்னுடைய பன்னிரண்டு, ஒயரைக் கழற்றிப் பார்த்தது எல்லாவற்றையும் ஒரே மூச்சில் சொன்னார். சொல்லச் சொல்லத் தனக்கே வலித்தது. ஆனாலும் கணக்கு சரியாக இருக்கிறது என்ற பெருமையும் கூடவே வந்தது. பால்காரம்மா தீவனத் தொட்டியின் விளிம்பில் உட்கார்ந்து கேட்டார்.

"சரி. நான் ஒண்ணு கேக்கட்டுமா? உங்க நிலம் இல்லேன்னு வைங்க. அந்தப் பாதை எங்க போகும்?"

"எங்க போகும்? எங்கயும் போகாது. முட்டிக்கிட்டு நிக்கும்."

"முட்டிக்கிட்டு நிக்கிற பாதைக்கு யாராச்சும் ஆறு லட்சம் தருவாங்களா?"

மோட்டார்காரர் தலையில் தட்டிக்கொண்டார். ஒயரைக் கழற்றிப் பார்த்தவர் மோட்டாரைக் கழற்றிப் பார்க்கவில்லை! ஒயர் இல்லாவிட்டால் மோட்டார் நிற்கும், சரி. மோட்டாரே இல்லாவிட்டால் ஒயர் எதை ஓட்டும்? பாதிச் சோதனையோடு எழுந்து வந்திருக்கிறார்.

"அட, ஆமா" என்றார்.

"அதனால ஆறும் எனக்கு வேண்டாம். ஊருக்கெல்லாம் நீங்க அதையே சொல்லிக்கிட்டுத் திரிவீங்க, பால்காரிக்கு அள்ளிக் குடுத்தேன்னு. மூணு குடுங்க. அந்த எட்டு சென்ட் மண்ணும், வழி விட்டதும், எல்லாம் அதுக்குள்ள அடக்கம். மிச்ச மூணு உங்களுது."

"எனக்கு எதுக்கு மூணு? நான் என்ன பண்ணினேன்?"

பால்காரம்மா அவரை ஒரு மாதிரி பார்த்தார். "வண்டல் யாரு போட்டது? அத்தனை வண்டியும் இந்தக் கொட்டகை முன்னாலதானே போச்சு. சக்கரம் கிறீச்சுனு கத்தினா மாடு காலை உதறும், அதையும் பிடிச்சுக்கிட்டுக் கறந்தேன். ஒரு நாள் ஏற முடியாம வண்டியோட நின்னீங்க, நானும் பின்னாலிருந்து தள்ளினேன், ஞாபகம் இருக்கா? அரசாங்கம் அதைப் பாக்கல. நான் பாத்தேன். அந்த மூணு வண்டலுக்கு."

மண்ணுக்கு விலை கேட்டு அதிகாரி வரைக்கும் போனவருக்கு, அது மாட்டுக் கொட்டகையில் கிடைத்தது. எதிரே நின்ற செவலையைப் பார்த்தார், அது வாலால் ஈ ஓட்டியது.

"தள்ளினியா? நான் ஒருத்தனாத்தான் ஏத்தினேன்னு நினைச்சேன்."

"அதையும் ஊரெல்லாம் சொல்லியிருப்பீங்க."

சொல்லித்தான் இருந்தார்.

மாதக் கடைசிக்குச் சில நாள் இருக்கும்போது அரசாங்கப் பணம் வந்தது. வங்கியிலேயே மாற்றிவிடுகிறேன் என்றார் மோட்டார்காரர். பால்காரம்மா ஒப்பவில்லை. "வருஷக்கணக்கா வாயாலயே பேசின காசு. ஒரு தடவையாவது என் கையில விழணும். அப்புறம் நானே கொண்டுபோய்க் கட்டிக்கிறேன்." அதனால் எல்லோரும் கடையில் கூடினார்கள். மனைவி மேசையைத் துடைத்து, செம்புக் கம்பித் துண்டுகளை ஓரமாகத் தள்ளினார். மச்சான் சாட்சிக்கு என்று சொல்லிக்கொண்டு, வேடிக்கைக்குத்தான் வந்து முக்காலியில் உட்கார்ந்தார்.

"மாப்பிள்ளை, வண்டலுக்கு மூணாமே! நம்ம கிணத்துக்கு யாராச்சும் விலை போடுவாங்களா பாத்துச் சொல்லுங்க."

"சரியான ஆள்கிட்டப் போய்க் கேளுங்க மச்சான். ஆபீசர்கிட்டப் போகாதீங்க. அவங்களுக்குத் தாரைத்தான் தெரியும். இந்தம்மா என் மண்ணுக்கு விலை போட்டிருக்கு, தெரியுமில்ல? மூணு லட்சம். இந்த வட்டாரத்துலயே வண்டலுக்குத் தனி விலை வாங்கின ஒரே ஆளு..."

"அண்ணே," என்றார் பால்காரம்மா, "காசு."

வலது கையை நீட்டினார். பால் கறந்து கறந்து அகன்று, விரல் இடுக்கெல்லாம் வெடித்த கை. மோட்டார்காரர் ஒவ்வொரு கட்டையும் பிரித்து, எச்சில் தொட்டு எண்ணி, அந்தக் கையில் வைத்தார். வைக்க வைக்க பால்காரம்மாவின் இடது கை வந்து அதை எடுத்து மடியில் சேர்த்தது. வலது கை விரித்தபடியே இருந்தது. மச்சான்கூடக் கிண்டலை நிறுத்திவிட்டு எண்ணிக்கையைக் கூடவே முணுமுணுத்தார். கடைசிக் கட்டின் கடைசி நோட்டும் விழுந்தது. மோட்டார்காரர் இரண்டு கையையும் தட்டித் துடைத்தார்.

"அவ்வளவுதான். பாதைக் கடன் தீர்ந்தது."

இடது கை கடைசிக் கட்டையும் எடுத்துப் போனது. வலது கை மடங்கவில்லை.

"இன்னும் என்ன தங்கச்சி?"

"போன மாசப் பால் காசு."

"பாலுக்குத்தான் மோட்டார் இருக்கே!"

"மோட்டார் எங்க இருக்கு? வயலோட கிணறும் போச்சு, கிணத்தோட மோட்டாரும் போச்சு. புது மனையில குழாய்த் தண்ணி. இனிமே நீங்க எதைச் சரிபண்ணுவீங்க?"

மோட்டார்காரர் மனைவியைப் பார்த்தார். மனைவி காகிதம் வெட்டுவதில் மும்முரமாக இருந்தார். மச்சான் முக்காலியோடு சாய்ந்து சிரித்தார். வேறு வழியில்லாமல் மோட்டார்காரர் கல்லாப்பெட்டியை இழுத்து, அந்தப் பழைய நட்டை ஓரமாக ஒதுக்கி, அடியில் கிடந்த சில்லறையை அள்ளி எடுத்து, ஒவ்வொரு காசாகச் சத்தமாக எண்ணி, விரிந்திருந்த அந்தக் கையில் போட்டார்.